நாற்பது தோல்

என் அத்தான் ஒரு தொழிற்சாலையில் ஸ்டோர் கீப்பர். அங்கேயே ஃபிட்டராக இருக்கும் நான் போய் ஒரு பேரிங் கேட்டாலும், மச்சான் என்றுகூடப் பார்க்க மாட்டார். தேய்ந்துபோன பழையதைக் காட்டினால்தான் புதியதை எடுப்பார். அப்போதும் அவர் முகம் சொந்தப் பல்லைப் பிடுங்கித் தருவதுபோல இருக்கும்.

விடுமுறை நாளில் அவர் கம்ப்யூட்டரில் ஒரு விளையாட்டு ஆடுவார். பனித்தீவில் தனி ஆளாக வேட்டையாடி உயிர் பிழைக்க வேண்டும். ஒரு முறை செத்தால் ஆட்டம் அதோடு முடிந்தது. அங்கே கரடித்தோல் கிடைப்பது குதிரைக் கொம்பு. அத்தான் மூன்று மாதம் அலைந்து நாற்பது தோலைப் பெட்டியில் பூட்டி வைத்திருந்தார்.

நேற்று மதியம் திரையில் பனிப்புயல் வீசியது. அவருடைய ஆள் மெல்லிய சட்டையோடு நடுங்கினான். அத்தானுக்கு இருப்புக்கொள்ளவில்லை. உட்காருவதும் எழுவதுமாக இருந்தார்.

"ஆறு தோலை எடுத்து ஒரு கோட்டு தச்சுப் போடுங்க அத்தான்," என்றேன்.

"தீவை விட்டுத் தப்பப் படகு கட்ட அம்பது தோல் வேணும். அதுல கை வைக்க முடியாது."

"குளிர்ல செத்துருவான்."

"இன்னும் பத்துதான்."

அவனைப் புயலுக்குள் அனுப்பினார். அவர் கால் தரையைத் தட்டிக்கொண்டே இருந்தது. கரடிக் குகைக்கு நாலடி இருக்கும்போது ஆள் குப்புற விழுந்தான். திரை வெளுத்து, அவன் விட்டுப்போன பொருள்களின் பட்டியல் வந்தது.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "இனி அந்தப் படகுல யாரு போறது?"

அத்தான் பட்டியலில் கரடித்தோல் என்ற வரியில் விரலை வைத்தார்.

"நாப்பதும் அப்படியே இருக்கு, பாத்தியா," என்றார். "ஒண்ணுகூடக் குறையல."