மில் நேரம் நாலு மணி

வேடசந்தூர் பக்கம் ஒரு நூற்பாலையில் ஆறு வருடம் வேலை பார்த்தேன். அங்கே எங்களை ஆண்டது முதலாளி இல்லை. அவரை நான் இரண்டு தடவைதான் பார்த்திருக்கிறேன். ஆண்டவர்கள் டைம் ஆபீஸ்காரர்கள் நான்கு பேர். கேட்டை ஒட்டி ஒரு சின்ன அறை. அதற்குள் ஒரு சுவர்க் கடிகாரம், விரல் வைக்கிற மிஷின், எங்கள் செல்போன்களைப் பூட்டி வைக்கிற பீரோ. இவ்வளவுதான் அவர்கள் ராஜ்யம். ஆனால் அவர்கள் நினைத்தால்தான் எங்களுக்கு மணி எட்டாகும், நாலாகும்.

காலையில் கடிகாரத்தைப் பத்து நிமிடம் முன்னால் தள்ளி வைப்பார்கள். ஏழு ஐம்பத்தைந்துக்கு மூச்சிரைக்க ஓடி வந்தால் கேட் சாத்தியிருக்கும். மதியத்துக்குள் அதையே கொஞ்சம் கொஞ்சமாகப் பின்னால் இழுத்துவிடுவார்கள். ஷிப்டு முடிகிற எங்கள் நாலு மணி, வெளியுலகத்தில் நாலு பதினாலு. விரல் மிஷினும் அதையேதான் சொல்லும்; அதன் பாஸ்வேர்டு அந்த நால்வருக்குத்தான் தெரியும். இப்படி இழுப்பதற்கு ‘தண்ணி ஊத்துறது’ என்று தங்களுக்குள் பெயர் வைத்திருந்தார்கள். சாயங்காலம் போனைத் திருப்பி வாங்கியதும் எங்களுக்கு வண்டவாளம் தெரிந்துவிடும்தான். யாராவது முனகினால் அவர்களில் மூத்தவர் சிரிப்பார்.

“வெளிய வெளி டைமு. மில்லுக்குள்ள மில்லு டைமு. போங்கம்மா.”

அந்தச் சிரிப்பை நான் மறக்கவில்லை. மறக்கிற எண்ணமும் இல்லை.

என்னைப் பெற்ற அத்தா மவுத்தானது ஒரு சித்திரை மாதத்துப் பகலில். தோல் பதனிடுகிற ஷாப்பில் இருந்து வந்து சாப்பிட உட்கார்ந்தவர் அப்படியே சாய்ந்துவிட்டார். இரண்டு மணிக்கு அண்ணன் திண்டுக்கல் நாகல் நகரிலிருந்து மில்லுக்குப் போன் பண்ணிவிட்டான். மூத்தவர் எனக்குச் சொன்னது மூன்று மணிக்கு. அஸர் தொழுகை முடிந்ததும் அடக்கம் என்றும், நாலே முக்காலுக்கு வீட்டிலிருந்து மய்யித்தை எடுக்கிறார்கள் என்றும் சொன்னார். எங்களில் பெண்கள் கபர்ஸ்தானுக்குப் போவதில்லை. வீட்டில் முகம் பார்த்தால்தான் உண்டு.

அவுட் பாஸ் கேட்டேன். கையைப் பிடித்துக்கொண்டு கேட்டேன்.

“ஓஞ் சைடு மிஷினப் பாக்க ஆளில்லம்மா. இன்னும் செத்த நேரந்தான, நாலு மணிக்குக் கெளம்பிரு. நாலு அஞ்சு பஸ்ஸுல ஏறுனா நாலே முக்காலுக்கு வீட்டுல இருப்ப” என்றார்.

அவர் வாயால் சொன்ன நாலு மணி எந்த நாலு மணி என்று அந்த நேரத்தில் எனக்கு உறைக்கவில்லை. அவருக்குத் தெரியும். கேட்டைத் திறந்தபோது பஸ் போய் ஒன்பது நிமிடம் ஆகியிருந்தது. அடுத்த பஸ்ஸைப் பிடித்து, திண்டுக்கல்லில் இறங்கி, ஆட்டோவில் வீட்டு வாசலுக்குப் போனால் பெஞ்சுகளை அடுக்கிக்கொண்டிருந்தார்கள். அண்ணன் எனக்காக முடிந்தவரை பிடித்து வைத்திருக்கிறான். ஜமாஅத் தொழுகை ஒருத்திக்காக நிற்குமா? மய்யித்தோடு சந்தூக்கைத் தூக்கிக் கால் மணி நேரம்தான் ஆகியிருந்தது. பதினாலு நிமிடத்தை அதற்குள் யாரோ தின்றிருக்கிறார்கள் என்று அம்மாவிடம் சொன்னேன். அழுதுகொண்டிருந்த அம்மாவுக்குப் புரியவில்லை.

பழி வாங்க வேண்டும் என்று மறுநாளே முடிவு செய்துவிட்டேன். நல்ல பிள்ளையாக அல்லாஹ்விடம் விட்டுவிடு என்றார்கள் உறவினர்கள். விடவில்லை.

அந்த நால்வரில் ஒருவர் ஓய்வு பெற்றபோது, கம்ப்யூட்டர் தெரிந்த ஆள் வேண்டும் என்றார்கள். நான் தபால் வழியில் பி.காம். முடித்திருந்தேன். மூத்தவரே என்னைத் தேர்ந்தெடுத்தார். “குனிஞ்ச தல நிமிராத பிள்ள” என்று மேனேஜரிடம் சிபாரிசு பண்ணினார். பாஸ்வேர்டை என் காதருகில் சொன்னார். கடிகாரத்தின் கண்ணாடியைத் திறக்கிற சாவியைக் காட்டினார். இரண்டு வருடம் நானும் தண்ணீர் ஊற்றினேன். என்னோடு பஞ்சு தின்ற பெண்களே கேட்டில் என்னைச் சபித்துவிட்டுப் போனார்கள். சபிக்கட்டும் என்று இருந்தேன். அவர்களில் ஒருத்தி மாசமாக இருந்தவள். அவளையும் பதினாலு நிமிடம் நிற்க வைத்திருக்கிறேன். அதற்கு எந்தச் சமாதானமும் என்னிடம் இல்லை.

வருடத்துக்கு ஒரு முறை, எங்கள் நூலை வாங்குகிற வெளிநாட்டுக் கம்பெனி சார்பில் ஆடிட் வரும். அன்று மட்டும் கடிகாரம் உண்மை பேசும். விடிந்ததும் அதைச் சரி செய்து வைப்பது டைம் ஆபீஸில் கடைசியாகச் சேர்ந்தவர் வேலை. மற்றவர்கள் பூந்தொட்டிக்குச் சாயம் அடிப்பதிலும், கேள்வி கேட்டால் என்ன பதில் சொல்ல வேண்டும் என்று பெண்களுக்குப் பாடம் நடத்துவதிலும் இருப்பார்கள். டைம் ஆபீஸில் ஒருவரும் கைக்கடிகாரம் கட்டுவதில்லை. கட்டினால் குட்டு வெளிப்பட்டுவிடும். ஆடிட் அன்று யோக்கியர்களாகக் காட்டிக்கொள்ளத் தங்கள் போன்களையும் பீரோவில் வைத்துவிடுவார்கள். அதனால் அன்று முழுவதும் அவர்களுக்கே சுவரில் இருப்பதைத் தவிர வேறு மணி கிடையாது.

இரண்டாவது வருட ஆடிட்டன்று நான் சரி செய்யவில்லை. வழக்கம்போல் முன்னால் தள்ளி, வழக்கம்போல் பின்னால் இழுத்தேன்.

மதியம் மூன்று மணிவாக்கில் ஆடிட்டர் அம்மாள் டைம் ஆபீஸுக்கு வந்தார். தன் மணிக்கட்டைப் பார்த்தார், சுவரைப் பார்த்தார், விரல் மிஷினைப் பார்த்தார்.

“இது ரிப்பேரா?” என்று கேட்டார்.

“இல்ல மேடம். தெனமும் இப்படித்தான் ஓடும்” என்றேன்.

எப்போதெல்லாம் நேரம் மாற்றப்பட்டது என்று அந்த மிஷின் தனக்குள் எழுதி வைத்துக்கொள்ளும். அது மூத்தவருக்குத் தெரியாது. இரண்டு வருடத்தையும் பிரிண்ட் எடுத்து வைத்திருந்தேன், அப்படியே கொடுத்துவிட்டேன். மறுவாரம் நான்கு பேருக்கும் சீட்டுக் கிழிந்தது. என்னையும் சேர்த்துத்தான். தெரிந்துதான் செய்தேன்.

கடைசி நாள் கேட்டுக்கு வெளியே திண்டில் பஸ்ஸுக்காக உட்கார்ந்திருந்தோம், நானும் மூத்தவரும் மட்டும். கையில் ஒரு மஞ்சப்பையோடு இருந்தார். நான் எதிர்பார்த்த மாதிரி அவர் கோபப்படவில்லை.

“ஒன்னைய மக மாதிரி வச்சிருந்தேன். எதுக்கும்மா இப்படிப் பண்ண?”

“எங்கத்தா மவுத்துக்கு அவுட் பாஸ் கேட்டேன் சார்.”

புருவத்தைச் சுருக்கி யோசித்தார். நடிக்கவில்லை, நிஜமாகவே யோசித்தார்.

“ஞாபகம் இல்லியேம்மா. அந்த மாதிரி எம்புட்டோ பேரு கேப்பாங்க.”

இத்தனை வருடம் நான் சுமந்ததை இந்த மனிதர் ஒரு நாள்கூடச் சுமக்கவில்லை. வேலையைப் பிடுங்கியது போதாது என்று அப்போதுதான் தெரிந்தது. அத்தா சாப்பிட உட்கார்ந்ததிலிருந்து சொல்ல ஆரம்பித்தேன். அன்று சோற்றுக்கு என்ன வெஞ்சனம் என்றுகூட விடாமல், நிதானமாகச் சொன்னேன். பஸ் வந்து நின்றது. ஹாரன் அடித்தது. அவர் எழுந்து பையை எடுத்தார்.

“உக்காருங்க சார்” என்றேன். “இன்னும் அத்தாவக் குளிப்பாட்டவே இல்ல.”