மௌரீன் அக்காவின் அடையாளச் சொல்

ஒரு சொல்லை எல்லா இடத்திலும் ஒரேயடியாக மாற்றும் 'ரீப்ளேஸ் ஆல்' பொத்தானை அமுக்கியதும் மௌரீன் அக்கா இரண்டு கைகளையும் மேலே தூக்கிவிடுவார், சூடான தோசைக்கல்லைத் தொட்டவர்போல. "இனிமே குழந்தை ஏசு பாத்துக்குவாரு" என்பார். எத்தனை இடத்தில் மாறியது என்று கம்ப்யூட்டர் சொன்ன பிறகுதான் கை கீழே இறங்கும்.

எங்கள் அலுவலகம், குழந்தை ஏசு கோயில் இருக்கும் விவேக் நகரில் ஒரு பேக்கரிக்கு மேல்மாடி. ஆண்டு 2001. கடைக்காரர், ஓட்டல்காரர் எல்லாருக்கும் இணையத்தில் பக்கம் வேண்டியிருந்தது. அவர்கள் தருவதோ வேர்டில் அடித்த ஃபைல். அதை அப்படியே இணையப் பக்கத்துக்கான ஹெச்.டி.எம்.எல். ஆக்கினால் பத்து வரி விஷயத்துக்கு நூறு வரிக் குப்பை வரும். சொல்லுக்குச் சொல் எழுத்துருவும் நிறமும் சொல்லும் குறிகள், கண்ட இடத்தில் உடைந்த வரிகள். இந்தக் கண்றாவியைச் சாதாரண எடிட்டரில் போட்டு, தேடித் தேடி மாற்றிச் சுத்தம் செய்வது அக்காவின் வேலை. என்னை அதில் உட்காரவைத்தால் மதியத்துக்குள் அழுதுவிடுவேன்.

பக்கத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று அவர் படிக்கவே மாட்டார். "படிச்சா மாட்டிக்குவேன் அசோக்கு. பெருக்கறவ பேப்பர் படிச்சிக்கினு நின்னா வேலை எப்போ முடியும்?"

அவரிடம் ஒரு தந்திரம் உண்டு. உடைந்த வரிகளை ஒட்டவேண்டும், ஆனால் பத்திகளுக்கு நடுவே உள்ள நிஜமான இடைவெளி போய்விடக் கூடாது. அதனால் முதலில் அந்த இடைவெளிகளில் எல்லாம் ஒரு சொல்லை நட்டுவிடுவார். பிறகு குப்பையைத் துடைப்பார். கடைசியில் நட்ட சொல்லைத் தேடி, மறுபடி இடைவெளியாக்குவார். அது வேறெங்கும் வராத சொல்லாக இருக்கவேண்டும். அக்கா வைத்திருந்த சொல் 'ஓஸ்வால்ட்'. புருஷன் பெயர்!

"வேற பேரே கெடைக்கலியாக்கா?" என்று கேட்டேன்.

"அவரு பேரு எந்த கம்பெனி பேஜ்ல வரப்போவுது, சொல்லு? சும்னே வீட்ல கேக் சுட்டுக்கினு இருக்காரு."

சிரித்துக்கொண்டுதான் சொல்வார். ஓஸ்வால்ட் வேலை பார்த்த பிஸ்கட் ஃபாக்டரியை மூடியதிலிருந்து அக்காவின் சம்பளத்தில்தான் வீடு ஓடியது என்பது எங்களுக்குத் தெரியும்.

அந்த டிசம்பரில் ஓஸ்வால்டுக்கு ஓர் ஓட்டலில் கேக் மாஸ்டர் வேலை கிடைத்தது. அக்கா அலுவலகம் முழுக்க ப்ளம் கேக் கொடுத்தார். அதே ஓட்டலின் பக்கங்களும் எங்களிடம் வந்திருந்தன, கிறிஸ்துமஸுக்கு முன் இணையத்தில் ஏற்றியாக வேண்டும் என்ற நச்சரிப்போடு. அக்கா வழக்கம்போல் படிக்காமல் சுத்தம் செய்தார். நான் ஏற்றினேன்.

மறுநாள் ஓஸ்வால்டிடமிருந்து போன். ஓட்டல் ஆபீசில் புதுப் பக்கத்தை எல்லாரையும் கூப்பிட்டுக் காட்டியிருக்கிறார்கள். ஊழியர்கள் பெயர் வரிசையாக இருந்ததாம். 'கேக் மாஸ்டர்' என்பதற்கு எதிரே மட்டும் வெறும் இடம்.

"என்னை வேலைய விட்டுத் தூக்கிட்டாங்க மௌரீன். எடம் காலின்னு போட்டுட்டாங்க." ரிசீவரைத் தாண்டி எனக்கே கேட்டது அந்தக் குரல்.

அக்கா போனை வைத்துவிட்டுத் தொப்பென்று உட்கார்ந்தார். "நேத்து சேத்துக்கிட்டு இன்னைக்கு தொரத்துவாங்களா? அவரு கேக்குல என்ன கொறை கண்டாங்க?" ஓட்டல்காரர்கள் அனுப்பிய வேர்டு ஃபைலைத் திறந்தேன். அதில் தெளிவாக இருந்தது, 'கேக் மாஸ்டர்: ஓஸ்வால்ட்'.

அக்கா அந்த வரியை, வாழ்க்கையில் முதல் தடவையாக, படித்தார். நட்ட சொற்களோடு சேர்த்து நிஜ ஓஸ்வால்டையும் எடிட்டர் இடைவெளியாக்கியிருந்தது.

"அய்யோ மாதாவே! தொரத்துனது நான்தான்டா!"

அவருக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தன. எனக்கும் போன உயிர் திரும்பியது. உடனே ஓட்டலுக்கு போன் போட்டார். "என்னங்க, உங்க வேலை பத்திரமா இருக்கு. உங்களத் தொடச்சது நான். சாயங்காலம் வந்து திட்டுங்க, இப்ப போய் மாவப் பிசைங்க."

வெறும் இடத்தில் புருஷன் பெயரைத் தன் கையாலேயே அடித்து, என்னை ஏற்றச் சொன்னார். இரண்டு தடவை பக்கத்தைத் திறந்து பார்த்துக்கொண்டார்.

அடுத்த ஃபைல் காத்திருந்தது. நடும் சொல்லுக்கான பெட்டியில் பழக்கத்தில் 'ஓஸ்வால்ட்' என்று பாதி அடித்தவர் சட்டென்று நிறுத்தினார். ஒவ்வொரு எழுத்தாக அழித்தார். அந்த இடத்தில் மூடிப்போன பிஸ்கட் ஃபாக்டரியின் பெயரை அடித்து, பொத்தானை அமுக்கி, இரண்டு கைகளையும் தூக்கினார்.