வாகைக்குளத்துக்கு வந்து சேர்ந்த பாஸ்போர்ட்

எங்கள் வீட்டில் ஏர்போர்ட் என்றால் மதுரைதான். சங்கரன்கோவிலிலிருந்து வளைகுடாவுக்குப் போகிற பலருக்கும் மதுரை, இல்லாவிட்டால் திருவனந்தபுரம். தூத்துக்குடிப் பக்கம் வாகைக்குளத்தில் ஒன்று இருக்கிறதே என்றால் சிரிப்பார்கள்.

எனக்குச் சிரிப்பு வராது. என் அம்மா வீட்டுக்குப் போகிற பஸ் அந்த வழியாகத்தான் போகும். எட்டாம் வகுப்போடு படிப்பை விட்டுத் தீப்பெட்டி ஒட்டப் போன காலத்தில், அங்கே ஒரு சின்ன விமானம் வந்து இறங்குவதை வேலிக்கு வெளியே நின்று பார்த்திருக்கிறேன். பிறகு சில வருஷம் ஒன்றுமே வரவில்லை. உடைமரமும் ஆடுகளுமாகக் கிடந்தது. அவ்வளவுதான், முடிந்தது என்றார்கள். முடியவில்லை. றெக்கையில் விசிறி சுற்றுகிற விமானங்கள் வந்தன. ஓடுபாதையை நீட்டினார்கள், புதுக் கட்டடம் எழுப்பினார்கள். ஒவ்வொரு தடவையும் பஸ் ஜன்னலில் எட்டிப் பார்த்து, இன்னும் இருக்கிறது என்று எனக்கு நானே சொல்லிக்கொள்வேன்.

நான் பயந்தவள். பூட்டின கதவை இழுத்துப் பார்த்துவிட்டு, தெருமுனை வரை போய்த் திரும்பிவந்து மறுபடி இழுத்துப் பார்ப்பேன். அப்படிப்பட்டவள்தான், வளைகுடாவில் வேலை பார்க்கிற வீட்டுக்காரருக்கு லீவு முடிந்தபோது, இந்தத் தடவை வாகைக்குளத்தில் ஏறிச் சென்னையில் விமானம் மாறட்டும் என்று பிடிவாதமாக நின்றேன். அவருடைய அண்ணன், எனக்கு அத்தான், கேட்டதும் குதித்தார்.

"அதெல்லாம் ஒரு ஏர்போர்ட்டாலே? மினிபஸ் ஸ்டாண்டு. இவ சொல்லுதான்னு நீயும் தலையாட்டுத."

"டிக்கெட் போட்டாச்சு அத்தான்" என்றேன்.

சொன்ன தேதியில் வேலைக்கு வராவிட்டால் வேறு ஆளைப் போட்டுவிடுவோம் என்று அங்கிருந்து கறாராகச் சொல்லியிருந்தார்கள். ஏதாவது பிசகினால் வேலை போகும். ஆயுசுக்கும் பழி என் தலையில்.

எங்கள் வீட்டில் ஒரு வழக்கம் உண்டு. பாஸ்போர்ட்டை வீட்டுக்கு மூத்தவர் கோவிலுக்கு எடுத்துப்போய், அங்கே பிரசாதமாகத் தருகிற புற்றுமண்ணைத் தொட்டு வைத்து, ஏர்போர்ட் வாசலில் தன் கையால் கொடுக்க வேண்டும். மாமனார் போன பிறகு அத்தான்தான் மூத்தவர். அவரும் அவர் மனைவியும் கோவிலுக்குப் போய்விட்டுத் தங்கள் காரில் பின்னால் வருவதாக ஏற்பாடு. நாங்கள் வேனில் முன்னால் கிளம்பினோம்.

வழியில் மானூர் வந்ததும் எனக்கு மனசு கேட்கவில்லை. போன் போட்டேன்.

"அத்தான், எங்கன வாரிய?"

"பருவக்குடி தாண்டியாச்சு. நீங்க முன்னால போங்க."

நாங்கள் தெற்கே வந்துகொண்டிருக்கிறோம். பருவக்குடி வடக்கே இருக்கிறது.

"அத்தான், அது மதுரை ரோடுல்லா?"

பதில் பக்கத்தில் இருந்த அவர் மனைவியிடமிருந்து வந்தது: "நான் அப்பவே கேட்டேன், ரோடு மாறுதேன்னு. ஏர்போர்ட்டுக்கு எனக்கு வழி தெரியாதான்னு வஞ்சாரு."

கோவில் வாசலில் கிளம்பிய கார், இத்தனை வருஷப் பழக்கத்தில் மதுரைக்குத் திரும்பியிருக்கிறது.

"ஏட்டி, பேசாம மதுரையிலயே போட்டிருக்கலாம்" என்றார் வீட்டுக்காரர்.

"போடல. சும்மா வாங்க" என்றேன். டிரைவர் அண்ணாச்சி சிரிப்பை அடக்கிக்கொண்டார். அத்தானிடம் காரைத் திருப்பிக் கோவில்பட்டி வழியாக வரச் சொன்னேன்.

மத்தியான விமானத்துக்கு விடிந்ததும் விடியாததுமாக எல்லாரையும் இழுத்துக்கொண்டு கிளம்பியிருந்தேன். அதற்காகக் காலையில் ஆளாளுக்குத் திட்டினார்கள். இப்போது கையில் இருந்ததெல்லாம் அந்த நேரம்தான்.

சென்னை வரைக்கும் ஆதார் போதும் என்பதால் வீட்டுக்காரரை உள்ளே அனுப்பிப் பெட்டியைப் போடச் சொன்னேன். நான் வாசலில் நின்றேன். கயத்தாறில் டயர் வெடிப்பது போலவும், பாலத்தில் லாரி குறுக்கே நிற்பது போலவும் மாறி மாறித் தோன்றியது. காவலுக்கு நின்றவர் யாருக்காக நிற்கிறேன் என்று கேட்டார். சொன்னேன். அவர் சிரிக்கவில்லை.

கடைசியில் கார் வந்தது. அத்தான் வேட்டியை மடித்துப் பிடித்து, மஞ்சப்பையை நெஞ்சோடு அணைத்தபடி ஓடிவந்தார். நேரே உள்ளே போகப் பார்த்தார்.

"டிக்கெட் இல்லாம உள்ள விட மாட்டோம் ஐயா."

"நான்தான்யா அவன் கையில குடுக்கணும். எங்க வீட்டு முறை."

அவர் முறையைப் பேசி முடிக்கும் வரை நான் காத்திருக்கவில்லை. பையை அவர் கையிலிருந்து வாங்கிப் பாஸ்போர்ட்டை எடுத்தேன். புற்றுமண் உதிர்ந்தது. காவலர் பிரித்துப் படத்தைப் பார்த்துவிட்டு, கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம் நின்ற வீட்டுக்காரரிடம் தானே கொண்டுபோய்க் கொடுத்தார். வீட்டுக்காரர் அதைத் தூக்கிக் காட்டிவிட்டு உள்ளே போனார்.

அத்தான் துண்டால் முகத்தைத் துடைத்தார். "அடுத்த தடவை மதுரைதான். சொல்லிட்டேன்."

"அடுத்த தடவையும் இங்கனதான் அத்தான். நீங்க சாமி கும்பிட்டு மண்ணு மட்டும் குடுங்க. பாஸ்போர்ட்டு என்கிட்ட இருக்கும்."

அவர் முகத்துக்கு நேரே நான் அப்படிப் பேசியது அதுதான் முதல் தடவை. அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். பார்க்கட்டும் என்று நின்றேன்.