தங்கையின் தோட்டத்திலிருந்து வந்த அழைப்புகள்

என் கணவரின் கைப்பேசிக்கு அவருடைய தங்கையிடமிருந்து விளையாட்டு அழைப்புகள் வரத் தொடங்கியது சென்ற மழைக்காலத்தில். சமூக ஊடகத்தில் எங்கள் இருவருக்கும் சேர்த்து அவர் பெயரில் ஒரே கணக்கு. என்னுடையது பட்டன் போன். ஆகையால் அவர் பார்த்து முடித்த பிறகு, மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு நானும் அதைப் புரட்டுவது வழக்கம். தங்கையின் பெயரைச் சொல்லி, அவர் உங்களைத் தம் பண்ணைக்கு அழைக்கிறார் என்று ஒரு வரி வரும். அதன் கீழே, கேரட் வாடுகிறது, தண்ணீர் ஊற்ற வாருங்கள் என்றிருக்கும். சில நாள் கோழிக்கு இரை வேண்டும். சில நாள் கன்றுக்குட்டி காணாமல் போயிருக்கும்.

நாத்தனார் நாகலூரில் ஒரு காப்பி எஸ்டேட்டில் பழம் பறிக்கும் பெண்களுக்கு மேற்பார்வை பார்ப்பவர். கணவர் இறந்து ஆண்டுகள் ஆகிவிட்டன. ஒரே மகள், சேலத்து நிறுவனம் ஒன்றுக்கு வீட்டிலிருந்தபடியே வேலை செய்கிறாள். அவளுக்காக வைத்த இணைய இணைப்புதான் அந்த வீட்டிற்கும் வெளியுலகிற்கும் பாலம். சாதாரணமாகப் போனில் பேச வேண்டுமென்றால் குடியிருப்பின் பின்னாலுள்ள மேட்டில் ஏறி நிற்க வேண்டும். எனவே அண்ணனிடம் சொல்வதையெல்லாம் அவர் அந்தச் சமூக ஊடகத்தின் வழியாகவே எழுதுவார், பேசுவார்.

"பகல் பூரா தோட்டத்துல நிக்கிறா. ஊட்டுக்கு வந்தா போன்லயும் தோட்டமா?" என்பார் என் கணவர்.

"கூப்பிடறாங்கல்ல, ஒரு செம்பு தண்ணி ஊத்திட்டு வாங்களேன்."

"எஸ்டேட்ல கணக்கெழுதி வேல வாங்குற ரைட்டரா இருந்தவன் நான். அடுத்தவங்கள ஊத்தச் சொல்லித்தான் பழக்கம்."

கிறிஸ்துமஸுக்குத் தாயும் மகளும் வந்திருந்தபோது பேச்சு முழுவதும் மகளின் திருமணத்தைப் பற்றியே இருந்தது. சேலத்திலிருந்து ஒரு குடும்பம் வந்து பெண் பார்த்துச் சென்றிருந்தது. இரு பக்கமும் பிடித்துப்போயிற்று. நாள் குறிப்பது ஒன்றே பாக்கி. தகப்பன் இல்லாத பெண்ணைக் கோயில் வாசலிலிருந்து பீடம்வரை கைபிடித்து அழைத்துச் செல்ல வேண்டியவர் தாய்மாமன் என்பதை யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. சொல்லும் தேவையும் இருக்கவில்லை. எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. அந்தச் சில அடி தூர நடை என் கணவருக்கு எவ்வளவு பெரியது என்பதை நான் மட்டுமே முழுதாக அறிவேன். அவர்கள் பஸ் ஏறிய மறுநாளே பீரோவிலிருந்த கோட்டை எடுத்து வெயிலில் உலர்த்தினார்.

"தேதி பேசிப்போட்டுச் சொல்றேனுங்கண்ணா" என்று சொல்லிவிட்டுத்தான் நாத்தனார் கிளம்பினார். அந்தச் செய்திக்காகவே என் கணவர் அடிக்கடி போனைப் பார்த்துக்கொண்டிருந்தார். வந்துகொண்டிருந்தவை என்னவோ கேரட்டும் கோழியும்தான்.

ஜனவரித் தொடக்கத்தில் ஒண்டிக்கடை என்ற இடத்தில் மளிகை வியாபாரம் செய்யும் இஸ்லாமிய நண்பர் ஒருவரின் தாயார் இறந்துபோனார். துக்கம் கேட்கச் சென்ற என் கணவர், ஆண்கள் தலைகுனிந்து துஆ என்னும் பிரார்த்தனைக்குக் கையேந்தியிருந்த நேரத்தில் சட்டைப்பைக்குள் போன் அடுத்தடுத்து மணியடிக்க, செய்வதறியாமல் நின்றிருக்கிறார். பக்கத்தில் இருந்தவர் மெல்லிய குரலில், "எடுத்துப் பாருங்க, அவசரமா இருக்கப்போவுது" என்றாராம். திருமணத் தேதியாக இருக்குமோ என்ற ஆவலில் இவரும் ஒதுங்கிப்போய்ப் பார்த்திருக்கிறார். கன்றுக்குட்டி கிடைத்துவிட்டது, கொண்டாட வாருங்கள் என்றிருந்தது.

வீட்டிற்கு வந்ததும் சட்டையைக்கூட மாற்றாமல் போனோடு உட்கார்ந்தார். சற்று நேரத்தில், "நிறுத்திட்டேன். இனி கோழி, மாடு ஒண்ணும் வராது" என்று சொல்லிவிட்டு முகம் கழுவப் போனார்.

சொன்னபடியே எதுவும் வரவில்லை. தேதியும் வரவில்லை. பழம் பறிக்கும் பருவம், ஓய்வில்லாமல் இருப்பார்கள் என்று நான் சொல்வேன். மாப்பிள்ளை வீட்டார் ஏதாவது இழுத்தடிக்கிறார்களோ என்று அவர் கேட்பார். நாங்களாகக் கேட்டு அவசரப்படுத்த வேண்டாமென்று காத்திருந்ததில் ஜனவரியின் பெரும்பகுதி கழிந்தது.

மாதக் கடைசியில் ஒரு ஞாயிறு. திருப்பலி முடியும் தறுவாயில் பங்குத் தந்தை ஒரு தாளை எடுத்துத் திருமண ஓலை வாசித்தார். மணம் முடிக்கவிருப்போரின் பெயர்களை மூன்று ஞாயிறுகள் சபைக்கு அறிவிப்பது எங்கள் வழக்கம். நாகலூர்க்காரர்கள் பூசை காண்பது அவர்கள் ஊர்ச் சிற்றாலயத்தில். ஓலை மட்டும் பங்குக் கோயிலிலும் வாசிக்கப்படும். முதலில் மாப்பிள்ளையின் பெயர், ஊர். அடுத்து எங்கள் நாத்தனார் மகளின் பெயர். திருமண நாளையும் சொல்லி, இது முதல் ஓலை என்றார்.

நான் பெண்கள் பக்கத்திலிருந்து திரும்பிப் பார்த்தேன். என் கணவர் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். இறுதிப் பாடலுக்கு எல்லோரும் எழுந்தபோது அவர் எழச் சற்றுத் தாமதமாயிற்று.

வெளியே வந்தவுடன் பாடகர் குழுவிலிருக்கும் ஒருவர் அவர் கையைப் பற்றிக் குலுக்கினார். "கமுக்கமா இருந்துபோட்டீங்களே. தாய்மாமனுக்கு இனி ஓட்டந்தானுங்க, தவக்காலத்துல கல்யாணம் வெக்க முடியாது, அதுக்கு முன்னால முடிச்சாகோணுமில்ல."

"ஆமாங்க, ஓட்டந்தான்" என்று இவரும் சிரித்தார். அந்தச் சிரிப்பை வீடுவரை அவர் இறக்கி வைக்கவில்லை. வீட்டிற்குள் வந்து கதவைச் சாத்திய பிறகுதான், "என்ன குத்தம் பண்ணுனேன் நான்?" என்று கேட்டார்.

தங்கையிடமிருந்து எதுவும் வராமல் போனது எந்த நாள்முதல் என்று எண்ணிப் பார்த்தேன்; அவர் கோழியை நிறுத்திய நாள். போனைத் தரும்படி கேட்டேன். அமைப்புகளுக்குள் சென்று, தடுத்தல் என்ற பக்கத்தைத் திறந்தேன். முதல் வரி ஆட்களைத் தடுப்பதற்கானது. செய்திகளைத் தடுக்க ஒரு வரி. விளையாட்டு அழைப்புகளைத் தடுக்க வேறொரு வரி. ஒவ்வொன்றையும் தொட்டால் அதில் தடுக்கப்பட்டோரின் பட்டியல் விரியும். அழைப்புகளுக்கான வரியைத் தொட்டேன், வெறுமையாக இருந்தது. முதல் வரியைத் தொட்டேன். அதில் ஒரே ஒரு பெயர், சிரித்த முகத்துடன் நாத்தனாரின் படம்.

அவர் என் தோளுக்கு மேலிருந்து நெடுநேரம் பார்த்தார். "விளையாட்டத்தான நிறுத்துனேன்" என்றார்.

"ஆளையே நிறுத்திப்போட்டீங்க. அவங்க எழுதுனதும் வராது, கூப்பிட்டதும் வராது. உங்க பேர அவங்க தேடுனாக்கூடக் கெடைக்காது."

தடையை நீக்கினேன். விடுபட்ட செய்திகள் அப்படியே வந்து குவியும் என்று அவர் எதிர்பார்த்தார். எதுவும் வரவில்லை. மீண்டும் நட்பில் சேர வேண்டுமானால் கோரிக்கை அனுப்புங்கள் என்றது போன்.

"கூடப்பொறந்தவளுக்கு நான் அப்ளிகேஷன் போடோணுமா?"

"போட்டுத்தானுங்க ஆகோணும்."

"நேர்ல போய்ப் போடறேன்" என்று செருப்பை மாட்டினார்.

மதிய பஸ்ஸில் நாகலூர் போனோம். களத்தில் காப்பி காய்ந்துகொண்டிருந்தது. நாத்தனார் எங்களைத் தொலைவிலேயே பார்த்துவிட்டார். எதிரே வராமல் வாசலிலேயே நின்றார்.

"வாங்க. ஓலை காதுல உழுந்துதுங்களா?"

"உழுந்துது கண்ணு."

"சாமியார் சொன்னாத்தான் இந்த ஊட்டுக்கு வழி தெரியும்னு எனக்குத் தெரியாமப் போச்சுங்க. முன்னாலயே அவருகிட்டச் சொல்லி உட்டிருப்பேன்."

உள்ளே போய் உட்கார்ந்தோம். காப்பித் தோட்டத்து வீட்டில் எங்களுக்கு வந்தது இரண்டு டம்ளர் தண்ணீர். மகள் உள்ளறையிலிருந்து வந்து என் பக்கத்தில் அமர்ந்தாள். என் கணவர் போனை எடுத்து மேசைமேல் வைத்தார், சாட்சிப் பொருளை ஒப்படைப்பவரைப் போல.

"உன்ன நான் நிறுத்தல கண்ணு. உன்ற கோழியத்தான் நிறுத்துனேன்."

"கோழிய நிறுத்துனா நான் எப்படிங்கண்ணா நின்னேன்?"

மகள் தன் இணைய இணைப்பில் அந்தப் போனைச் சேர்த்துத் தர, நான் தடுத்தல் பக்கத்தைத் திறந்து காட்டினேன். நாத்தனார் கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஒவ்வொரு வரியாக வாய்விட்டுப் படித்தார். ஆட்களுக்கான வரியையும் அழைப்புகளுக்கான வரியையும் விரலால் மாறி மாறித் தொட்டுப் பார்த்தார். மகள் முதலில் சிரித்தாள். பிறகு தாயின் முகத்தைப் பார்த்து அடக்கிக்கொண்டாள்.

நாத்தனார் தன் போனை எடுத்து என்னிடம் நீட்டினார். போய்ச் சேரவில்லை என்ற சிவப்புக் குறியோடு சில வரிகள் இருந்தன. மாப்பிள்ளை வீட்டில் தவக்காலத்துக்கு முன்பே வைத்துவிடலாம் என்கிறார்கள், அண்ணனுக்கு எந்த நாள் தோது என்பது முதலாவது. ஞாயிற்றுக்கிழமை நேரில் வரட்டுமா என்பது அடுத்தது. கடைசியில் அண்ணா என்று மட்டும் ஒரு சொல்.

"இவதான் சொன்னா, மாமா உங்கள பிளாக் பண்ணிட்டாருன்னு" என்றார் நாத்தனார். "உங்க போனுக்குக் கூப்பிடலாம்னு ஒருநாள் மேட்டுக்கு ஏறுனேனுங்க அண்ணி. பாதியில திரும்பிட்டேன். அண்ணனே வேண்டாம்னப்புறம் அண்ணிய என்ன கேக்கறதுன்னு."

என் கணவர் குனிந்து தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நாத்தனார் இப்போது குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"கரடியூர்ல எங்க கொழுந்தனார்கிட்டச் சொல்லிப்போட்டேனுங்கண்ணா, இவளப் பீடத்துக்குக் கூட்டிட்டுப் போறதுக்கு. அவரும் சேலம் போயி கோட்டுக்கு அளவு குடுத்துட்டு வந்துட்டாரு. இப்பப் போயி வேண்டாம்னு எப்படிங்க சொல்றது?"

நான் அஞ்சியது இதைத்தான். அவருக்கும் அது உறைத்திருக்க வேண்டும். டம்ளரில் மீதியிருந்த தண்ணீரைக் குடித்து முடித்தார்.

"சொன்னது சொன்னதாவே இருக்கட்டும் கண்ணு. அவரும் பெத்த அப்பன் மாதிரிதான். நான் பந்தியப் பாத்துக்கறேன்."

மகள், "கட்டிக்கப்போறது நான். என்ன யாராச்சும் கேட்டீங்களா?" என்றாள்.

"என்னத்தக் கேக்கறது?" என்றார் நாத்தனார்.

"எனக்கு ரெண்டு கை இருக்குதுங்க. ஒண்ணு சித்தப்பாவுக்கு, ஒண்ணு மாமாவுக்கு."

"கோயில் நடுவழி அகலம் தெரியுமில்ல சாமி? மூணு பேரு எப்படி நடப்பீங்க?"

"நெருக்கி நடக்கறோம். சித்தப்பாகிட்ட நானே பேசிக்கறேன்."

நாத்தனார் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, அண்ணனைப் பார்க்காமலேயே கேட்டார்: "அப்படி நொம்பத் தொந்தரவா பண்ணுச்சுங்களா என்ற கோழி?"

"துக்க ஊட்டுல மணியடிச்சுது கண்ணு."

"நானா வேணும்னு அனுப்பல. பச்சப் பொத்தான அமுக்குனா ஒரு பூவாளி தருவான். அமுக்குவேன்."

"அமுக்குனா யாருக்கெல்லாம் போவுது?"

"எல்லாத்துக்குந்தான்" என்றாள் மகள். "சாமியாருக்கும் போயிருக்கும்."

இந்த முறை நாத்தனாரே சிரித்துவிட்டார். ஆனாலும் தோட்டத்தை விட அவர் தயாராக இல்லை. பகலெல்லாம் நிற்பது முதலாளியின் தோட்டம் என்றும், இது ஒன்றுதான் தன்னுடையது என்றும் சொன்னார். எனவே நிறுத்த வேண்டிய இடத்தில் முறையாக நிறுத்துவது என்று முடிவாயிற்று. என் கணவரின் போனில் விளையாட்டு அழைப்புகளுக்கான வரியைத் திறந்து நாத்தனாரின் பெயரை இட்டேன். அப்படிச் செய்தால் அழைப்புகள் மட்டுமே நிற்கும். மற்றவை தடையின்றி வரும். என் விரலையே பார்த்துக்கொண்டிருந்த நாத்தனார், "அண்ணி, மேல இருக்கறத அமுக்கிராதீங்க" என்றார். அவருடைய போனிலும், அந்த விளையாட்டு தானாக யாருக்கும் எதையும் அனுப்பாதபடி அனுமதியை மகள் நீக்கினாள். கடைசியாக என் கணவர் தன் கையாலேயே நட்புக் கோரிக்கையை அனுப்பினார். தங்கையின் போன் மேசைமேல் ஒருமுறை அதிர்ந்தது.

"பாக்கலாம்" என்று சொல்லிவிட்டு நாத்தனார் அதைத் தொடாமல் எழுந்து அடுப்பைப் பற்றவைக்கப் போனார்.

திரும்பும் பஸ் பாதி வழி வந்து சிக்னல் கிடைத்தபோது என் கணவரின் சட்டைப்பையில் மணியடித்தது. கோரிக்கை ஏற்கப்பட்டிருந்தது. அதனோடு திருமண நாளும் ஒரு வரியில் எழுதப்பட்டிருந்தது. ஊருக்கே தெரிந்திருந்த அந்தத் தேதியை அவர் எனக்கு உரக்கப் படித்துக் காட்டினார்.

திருமணத்தன்று இருக்கைகளின் ஓரங்களில் பூங்கொத்துகள் கட்டியிருந்ததால் நடுவழி மேலும் குறுகியிருந்தது. மூவரும் நேராக நடக்க இயலவில்லை. கரடியூர்க்காரர் புதுக் கோட்டில் ஒரு பக்கம். பழைய கோட்டில் என் கணவர் மறுபக்கம், தோளைச் சாய்த்து, பூக்களில் உரசியபடி, காலடியைப் பார்த்துப் பார்த்து வந்தார். பீடத்தருகே வந்ததும் சித்தப்பா தன் பங்குக் கையை மாப்பிள்ளையிடம் ஒப்படைத்துவிட்டு விலகினார். என் கணவருக்கு எப்போது விடுவது என்று தெரியவில்லை. பங்குத் தந்தை அவரைப் பார்த்துத் தலையசைக்கும்வரை பிடித்திருந்தார்.