ஜாலான் புசாரில் எண்ணா நாளைத் தேடி

சிங்கப்பூரில் ஜாலான் புசார் பக்கம் நடந்து பார்க்க வேண்டும், எந்த நேரத்தில் போவது என்று இரண்டு வாசகர்கள் கேட்டிருந்தார்கள். எந்த நேரத்தில் போகக்கூடாது என்பது எனக்கு நன்றாகத் தெரியும். 1982 நவம்பரில் ஒரு சனிக்கிழமை மதியம் போய் மாட்டிக்கொண்டவள் நான்.

என்னோடு பள்ளியில் வேலை பார்த்த ஆரோக்கியம் சார் மூன்று வருடம் உட்கார்ந்து ஒரு நாவல் எழுதியிருந்தார். அவருடைய முதல் புத்தகம். அச்சுக்குப் போகும் வாரத்தில் அம்மை போட்டு புக்கிட் மேரா வீட்டில் படுத்துவிட்டார். மெய்ப்புப் பார்க்கும் வேலை என் தலையில் விழுந்தது.

கதை நடப்பது அலைநாடு என்ற கற்பனை நாட்டில். அங்கே வாரத்துக்கு ஒன்பது நாள். எட்டு வாரம் சேர்ந்தால் ஒரு பருவம், அதாவது எழுபத்திரண்டு நாள். பருவ முடிவில் ஒரு நாள் எண் இல்லாமல் வரும். அதுதான் எண்ணா நாள். அன்றைக்கு யாருக்கும் வயது ஏறாது, எந்தத் தண்டனையும் நிறைவேறாது. இப்படி ஐந்து பருவம் ஓர் ஆண்டு. மரண தண்டனை பெற்ற செம்பி என்ற படகுக்காரி, நான்காம் பருவத்தின் எண்ணா நாளில்தான் தப்பிப் போகிறாள். அந்த ஆண்டின் நாட்காட்டி முழுவதையும் புத்தகத்தின் முன்பக்கங்களில் போட வேண்டும் என்பது சாரின் ஆசை.

உட்லண்ட்ஸிலிருந்து பதினொன்று பத்துக்குப் பேருந்து ஏறினேன். எண்பது காசு. இருபத்திரண்டு கிலோமீட்டர்தான், ஆனால் ஒரு மணி நாற்பது நிமிடம் ஆனது, முழுக்க நின்றுகொண்டே. முந்தின இரவு வரை தேர்வுத்தாள் திருத்தியதில் கண்ணும் எரிந்தது. இறங்கி, இரும்புக் கடைகளைத் தாண்டி ஐந்து நிமிடம் நடந்தால் சந்துக்குள் அச்சகம். வாசலிலேயே நாற்பது காசுக்கு ஒரு தே, அதாவது பால் தேநீர், வாங்கிக் குடித்துவிட்டுத்தான் உள்ளே போக முடிந்தது.

அச்சுக் கோப்பவர் ராமையா. இருபது வருடமாகத் தமிழ் நாட்காட்டி கோத்த கை. மெய்ப்பைப் பார்த்ததும் எனக்குக் கால் இன்னும் வலித்தது. ஒவ்வொரு பருவத்தின் கடைசிக் கட்டத்திலும் 73 என்று நின்றது.

“இந்தக் கட்டம் காலியா இருக்கணுமே?”

“காலியாவா? காலண்டர்ல நம்பர் இல்லாத கட்டம் இருந்தா கடைக்காரன் மொத்தக் கட்டையும் திருப்பி அனுப்பிடுவான் டீச்சர். முதலாளிகிட்ட நான்லா திட்டு வாங்கணும். எழுதினவர் மறந்திருப்பார்னு நானே போட்டேன். அந்த ஊருக்கு ராகு காலம் எப்பன்னுதான் தெரியல, அதான் விட்டுட்டேன்.”

“நாலு மணிக்கு மெஷின்ல ஏறுதே, எடுத்துடுங்களேன்.”

“பார்க்கிறவன் ராமையா தூங்கிட்டான்னு சொல்வான்.”

எனக்கு வாதாடத் தெம்பில்லை. வகுப்பில் செய்வதைத்தான் செய்தேன்.

“ஸ்கூல் ரெஜிஸ்டர் பார்த்திருக்கீங்களா? லீவு நாளுக்கு ஒரு பிள்ளைக்கு வந்தான்னு போடுவோமா, வரலன்னு போடுவோமா?”

“ரெண்டும் போட மாட்டீங்க.”

“இதுவும் அப்படித்தான். நம்பர் போட்டுட்டா அது சாதாரண நாள். அந்தப் பொண்ணைத் தூக்குல போட்டுடுவாங்க.”

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “கோக்கிறப்ப கதையை எங்க படிக்கிறோம், எழுத்தைத்தான் பார்க்கிறோம். இதை மொதல்லயே சொல்லலாம்ல?” என்றவர் சாமணத்தை எடுத்து, நான்கு பருவங்களிலும் எண்களைப் பிடுங்கி, வெற்று அச்சுக் கட்டைகளைச் செருகினார். ஐந்தாவதை எடுக்கவில்லை.

“அது தனித் தாள் டீச்சர், அவசரத்துல காலையிலயே ஓட்டிட்டோம். ஆயிரம் தாள். மறுபடி ஓட்ட முதலாளி விடமாட்டார்.”

அச்சகத் தொலைபேசியில் சாரைக் கூப்பிட்டுச் சொன்னேன். அவர் ஒன்றைத்தான் கேட்டார். “செம்பியோட நாள் காலியா இருக்கா?”

“இருக்கு சார்.”

“கடைசி அத்தியாயம் இன்னும் கோக்கலல்ல? ஒரு வரி எழுதிக்குங்க.”

எழுதிக்கொண்டேன்: ‘செம்பி தப்பிய கோபத்தில், அந்த ஆண்டின் கடைசி எண்ணா நாளுக்கு எண் போடச் சொன்னான் அரசன்.’

ராமையா அதை வாங்கி இரண்டு முறை படித்தார். “ராஜா செஞ்சதுன்னு ஆயிடுச்சா. அப்ப என் மேல பழி இல்லலா,” என்று சிரித்தார்.

மூன்று ஐம்பதுக்கு வெளியே வந்தேன். எல்லை தாண்டி ஜொகூர் போகிற கூட்டத்தில் இரண்டு பேருந்துகளை விட்டுவிட்டு மூன்றாவதில் தொற்றி, வீடு சேர ஆறரை ஆகிவிட்டது.

நீங்கள் போவதானால் வார நாளில், காலை பத்துக்குள் போங்கள். தண்ணீர் எடுத்துக்கொள்ளுங்கள். லிட்டில் இந்தியாவிலிருந்து பத்து நிமிட நடைதான். சந்துக்குள் நுழைந்தால் கடைவீடுகளின் மேல்மாடி சன்னல்களை நிமிர்ந்து பாருங்கள், அவைதான் அழகு.

புத்தகம் வந்த பிறகு அந்த வரியைப் பலரும் பாராட்டினார்கள். எனக்கு மட்டும் அதைப் படித்தால் இப்போதும் அசதியாக இருக்கிறது. ஒருத்தியைப் படகேற்றி அனுப்பிவிட்டோம். அந்த ஐந்தாவது எண்ணா நாளை நம்பிச் சிறையில் இருந்தவர்கள் எத்தனை பேர் என்று, அன்றைக்கு எங்கள் மூன்று பேரில் ஒருவரும் கேட்கவில்லை.