சுவரின் கீழ்மூலை

வெள்ளிமலையில் நைட்டி விற்றுவிட்டு மத்தியான பஸ்ஸில் இறங்கிக்கொண்டிருந்தேன். மழை அப்போதுதான் விட்டிருந்தது. வளைவுக்கு வளைவு மலை ஒரு பக்கம் சாய, என் துணி மூட்டை மறுபக்கம் சாய, கோமுகி அணையின் தண்ணீர் மரங்களுக்கிடையில் தெரிந்து தெரிந்து மறைந்தது. வடக்கனந்தலில், மூடிக்கிடக்கும் அரிசி ஆலையின் நீளச் சுவரில் என் வீட்டுக்காரரின் கையைப் பார்த்தேன்.

கை என்றால் எழுத்து. எழுத்துக்கு அடியில் சிவப்பில் நிழல் வைப்பார். ஊரில் வேறு யாரும் அப்படி வைப்பதில்லை.

‘மலைக் கிராமத்துக்கு ரோடு போடாத அரசே, ஓட்டுக்கு மட்டும் ஏறி வராதே!’

பஸ்ஸே சிரித்தது. “கரெக்டா கேட்டுக்கிறான் பாரு” என்றார் கண்டக்டர். நானும் சிரித்திருப்பேன். அதற்குள் கண் கீழ்மூலைக்குப் போய்விட்டது. அங்கே சின்னதாய் ஒரு பிரஷ் படம், பக்கத்தில் அவர் பெயர், செல் நம்பர். சுவர் எழுதுகிற எல்லோரும் போடுவதுதான். அதைப் பார்த்துத்தான் அடுத்த சுவர் வரும்.

எல்லோரும் போடலாம். அவர் போடலாமா?

அவர் அம்மா மடியில் படகேறி வந்த பிள்ளை. வளர்ந்தது இங்கே, பள்ளிக்கூடம் இங்கே, என்னைக் கட்டியது கள்ளக்குறிச்சியில். ஆனாலும் காகிதத்தில் வெளிநாட்டார். பதிவு இன்னும் அகதி முகாமில்தான். அதிகாரிகள் செக்கிங் வரும் நாளில் எந்த வேலையில் இருந்தாலும் ஓடிப்போய் அங்கே அவர் பேரில் இருக்கும் வீட்டின் தகரக் கதவுக்கு முன்னால் நின்று முகம் காட்ட வேண்டும். வெளியாள் எங்கே இருக்கலாம் என்று ஒரு சட்டம், அரசாங்கத்தை எப்படிப் பேசக்கூடாது என்று ஒரு சட்டம். இரண்டையும் வெள்ளைக்காரன் விட்டுவிட்டுப் போனான். பெயர் மாறும், நம்பர் மாறும், பயம் அப்படியே இருக்கும். முகாமில் ஒருத்தர் கூட்டத்தில் என்னவோ பேசினார் என்று பூட்டுப் போட்ட இன்னொரு முகாமுக்குக் கொண்டுபோனார்கள். அவர் மனைவி இன்னும் அந்தப் பூட்டைப் பார்க்க பஸ் ஏறிக்கொண்டிருக்கிறாள்.

வீட்டுக்கு வந்தபோது அவர் மண்ணெண்ணெயில் பிரஷ் கழுவிக்கொண்டிருந்தார்.

“இன்னாங்க எழுதி வச்சிக்கிறீங்க அங்க?”

“மலைப் பெடியள் எழுதித் தரச்சொல்லிக் கேட்டவை. நல்ல வசனம் என்ன?”

“வசனம் கெடக்குது. கீழ இன்னா?”

யோசித்தார். பிரஷ் கையிலேயே நின்றது.

“ஐயோ. கை பழக்கத்தில போட்டுட்டுது.”

“நாளான்னிக்கு செக்கிங்கு. தெரியும்ல?”

“இஞ்சேருமப்பா, பயப்பிடாதையும்” என்றார். சொன்ன உதடு வெளுத்திருந்தது.

மறுநாள் காலை, என்னிடம் நைட்டி வாங்கும் வக்கீலம்மாவை கோர்ட்டு வாசலில் பிடித்தேன். “ரோடு கேட்டதுக்குக் கேஸு நிக்காதும்மா” என்றார். “ஆனா மூலையில யாரு பேரு இருக்குதோ அவங்களத்தான் மொதல்ல கூப்புடுவாங்க. நீன்னா விசாரிச்சிட்டு வூட்டுக்கு அனுப்புவாங்க. அவர அனுப்ப வூடு எதுன்னு கேப்பாங்க.”

அவரிடம் வந்து, சுவர் முழுக்க வெள்ளை அடித்துவிடலாம் என்றேன். தலையை ஆட்டினார். “அது அந்தச் சனத்தின்ர கேள்வி. என்ர பேரை மட்டும் எடுக்கிறன்.”

சுண்ணாம்பு வாளியோடு இருவரும் வடக்கனந்தல் போனோம். ஒவ்வொரு பைக் சத்தத்துக்கும் என் முதுகு சுருங்கியது. அவர் குந்தி உட்கார்ந்து பெயரையும் நம்பரையும் மூடினார். சுவரோ செம்மண் தூசி குடித்துப் பழுத்திருந்தது. புதுச் சுண்ணாம்பு கட்டம் கட்டினாற்போல் பளீரென்று நின்றது. இங்கே ஒருவன் ஒளிந்திருக்கிறான் என்று ரோட்டுக்கே கூவிக்கொண்டிருந்தது.

அவர் பையிலிருந்து கறுப்புப் பெயிண்ட் டப்பாவையும் ஒரு பிரஷ்ஷையும் எடுத்தேன்.

“உமக்கென்ன விசரே?”

“சும்மா இருங்க. என்னை எந்த ஊருக்கு அனுப்புவாங்க? திருநாவலூருல எங்கம்மா வூட்டுக்கா?”

என் பெயரை எழுதினேன். கீழே என் செல் நம்பர். எழுத்து கோழி கிளறியதுபோல் வந்தது. அந்தப் பயத்திலும் அவருக்குப் பொறுக்கவில்லை: “நிழல் வைக்கேல்லயே.”

செக்கிங் அன்று முகாமில் நானும் பக்கத்தில் நின்றேன். அதிகாரி பெயரைக் கூப்பிட்டார். இவர் முகம் காட்டினார். அதிகாரி நிமிர்ந்து கொஞ்ச நேரம் பார்த்தார். அந்தக் கொஞ்ச நேரத்தில் என் தாலி கழுத்தில் கனத்தது. பிறகு அடுத்த பெயருக்குப் போய்விட்டார்.

அதோடு முடியவில்லை. என் செல் இப்போது சுவரில் இருக்கிறது. தெரியாத நம்பர் வந்தால் அடுப்பை அணைத்துவிட்டு, வாசலைச் சாத்திவிட்டுத்தான் எடுக்கிறேன். முதலில் வந்தது ஒரு ஆண் குரல். அதிகாரமான குரல்.

“வடக்கனந்தல் மில்லு செவுரு எழுதுனது நீதானாம்மா?”

வீட்டுக்காரர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“நான்தான்” என்றேன்.

“நம்ம சிமெண்ட்டு கடைக்கு ஒரு செவுரு எழுதணும். அந்தச் செவப்பு நெழல் வச்சே எழுதிக் குடுக்கணும், இன்னா?”

செல்லை அவரிடம் நீட்டினேன். அவர் வாங்கவில்லை. “நீரே பேசும். பேர் உம்மடதெல்லே” என்றார். சிரித்தார் என்றுதான் நினைக்கிறேன். நான் பேசி வைத்ததும் மறுபடி செல் அடித்தது, வேறு நம்பர். இருவரும் அதைப் பார்த்துக்கொண்டு நின்றோம்.