ஐரீனின் இடது கன்னம்

செவ்வாய்க்கிழமை காலை வாய் கொப்பளித்தபோது தண்ணீர் இடதுபக்கமாகத் தானே வழிந்தது. ஐரீன் கண்ணாடியில் சிரித்துப் பார்த்தாள். வலது பாதிதான் சிரித்தது.

"ரோசு, இங்க வாடி. என் மூஞ்சிக்கு இன்னா ஆச்சு பாரு."

தங்கை ரோஸ்மேரி பார்த்ததும் சிலுவை போட்டுக்கொண்டாள்.

ஐரீனுக்கு அறுபத்திரண்டு வயது. கல்மண்டபத்துக்காரி. துறைமுகத்தில் கிரேன் ஓட்டிய வில்சனின் மூத்த மகள். பத்தொன்பதில் மவுண்ட் ரோடு ஓட்டல் ஒன்றில் கேபரே ஆடப்போனாள். அப்பா ஒரு வருஷம் அவளிடம் பேசவில்லை. ஒருநாள் ஆட்டத்தின் நடுவே செருப்பின் குதிகால் முறிந்து தொப்பென்று விழ, கூட்டம் வயிறு குலுங்கச் சிரித்தது. மறுநாள் நல்ல செருப்போடு வேண்டுமென்றே விழுந்தாள். அன்று பிடித்தது நகைச்சுவை. பிறகு சபா நாடகம், சினிமாவில் மீன்காரி, வேலைக்காரி, சீரியலில் வாயாடி மாமியார். வசனமே இல்லாவிட்டாலும் முகத்தைக் கோணியே கைதட்டல் வாங்கிவிடுவாள்.

"பக்கவாதம் இல்லம்மா. முகத்து நரம்பு வீங்கியிருக்கு. பெரும்பாலும் சரியாயிடும்" என்றார் டாக்டர்.

"வியாழக்கிழமைக்குள்ள ஆயிடுமா சார்?"

டாக்டர் சிரித்துவிட்டார். அவள் வேடிக்கைக்குக் கேட்கவில்லை. வியாழக்கிழமை எண்ணூரில் ஒரு தொடருக்குப் படப்பிடிப்பு. இரண்டு வருஷம் கழித்து வந்த மாமியார் வேஷம்.

"போன் போட்டு சொல்லிடுக்கா" என்றாள் ரோஸ்மேரி.

"சொன்னா வேற ஆளப் போட்ருவாங்கடி."

எண்ணூரில் முந்தானையால் கன்னத்தை மூடியே உட்கார்ந்திருந்தாள். முதல் டேக்கிலேயே 'மாப்பிள்ளை' என்ற சொல் வெறும் காற்றாய்ப் போனது. இயக்குநர் நவ்ரீன், மகள் வயதுப் பெண், அருகில் வந்தாள்.

"நரம்பு வீங்கிக்கீதாம்மா. மறச்சுட்டேன். தப்புதான்."

நவ்ரீன் போனை எடுத்துக்கொண்டு கடல் பக்கம் போனாள். இருபது நிமிஷம் வரவில்லை. தன் இடத்துக்கு வரக்கூடிய நடிகைகளை ஐரீன் ஒவ்வொருத்தியாக நினைத்துப் பார்த்தாள். எல்லாருக்கும் முழு முகம் இருந்தது.

திரும்பி வந்தவள், "இதே முகத்தோட பண்றீங்களா ஆன்ட்டி? மாமியாருக்கு இப்படி ஆயிடுச்சுன்னு கதையிலயே வெச்சுக்கறேன்" என்றாள்.

"சிரிப்பாங்களா, பாவம்னு பாப்பாங்களா?"

"தெரியல ஆன்ட்டி."

ஐரீன் டீயைக் குடித்தாள். இடதுபக்கம் ஒழுகியது. டம்ளரைத் தூக்கி அடியில் ஓட்டை இருக்கிறதா என்று தேடினாள். பிறகு, ஓட்டை போட்டவனே அவன்தான் என்பதுபோல், மாப்பிள்ளையாக நடிக்கும் பையனை முறைத்தாள். லைட்மேன் அன்புமணி குபீரென்று சிரித்து, சட்டென வாயைப் பொத்திக்கொண்டான். ஐரீன் அவன் பக்கம் திரும்பினாள்.

"இன்னா நைனா நிறுத்திட்ட? சிரி. அதுக்குத்தானே வந்துகீறேன்."

அடுத்த டேக்கில் வேடிக்கை பார்த்த தெருவே சிரித்தது.

இரண்டு மாதத்தில் கன்னம் சரியாகிவிட்டது. அந்த வாரம் பார்த்து நவ்ரீன் அழைத்தாள்: இன்னும் நாலு காட்சி வேண்டும், அதே கோணல் முகத்தோடு. கும்பிட்ட தேவனே இப்படிச் சோதிக்கிறாரே என்று புலம்பியபடி பத்து நாள் பழகினாள். எடுத்ததில் யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை. தொடர் அடுத்த மாதம் வருகிறது. சனம் என்ன சொல்லுமோ என்று அவளுக்கு இப்போதே சோறு இறங்குவதில்லை.